அப்பாவின் இடது பக்கம்

நடிகர் சங்கம் ஆண்டுதோறும் அச்சடிக்கும் கையேட்டில், முப்பத்தெட்டாம் பக்கத்தில், அவளைப் பற்றிய குறிப்பு இப்படி இருக்கிறது: “நாயகி வேடங்கள். உயரம் ஐந்தடி ஏழு அங்குலம். கணீரென்ற குரல். பாட்டு, நடனம், வாள்வீச்சு, குதிரையேற்றம். புகழ்பெற்ற நாடகக் குடும்பத்தின் மூன்றாம் தலைமுறை.”

இதில் கடைசி வாக்கியம் உண்மை. உயரம் ஐந்தடி இரண்டு, அதுவும் மேடைச் செருப்போடு. வாளைக் கண்டால் கண்ணை மூடிக்கொள்வாள். குதிரையில் ஏறியதில்லை, ஆனால் குதிரையாக இருந்திருக்கிறாள், ஒரு கோடை முழுக்க, துணிக்குதிரையின் பின்னங்கால்களாக. கணீரென்ற குரல் உண்மையா பொய்யா என்று சொல்ல வழியில்லை. இருபத்துநான்கு வருஷமாக மேடையில் அவள் வாயைத் திறந்ததில்லை.

படிவத்தை நிரப்பியவர் அவள் அப்பா, அவளுக்குப் பதினாறு வயதில். “உயரம் என்ன, வளர்ந்துடுவா. குதிரை என்ன, ஒரு வாரத்துல கத்துக்கலாம்” என்றார். அவள் வளரவில்லை, குதிரையும் வரவில்லை. ஒவ்வொரு வருஷமும் சங்கத்திலிருந்து புதுப்பிப்புப் படிவம் வரும். ‘மாற்றம் ஏதும் உண்டா?’ என்ற கட்டத்தில் ‘இல்லை’ என்று எழுதி அனுப்பிவிடுவாள். உண்டு என்று எழுதினால் என்ன மாற்றம் என்றும் எழுத வேண்டும்.

தாத்தா கட்டிய நாடக அரங்கம் அது. அறுநூற்று நாற்பது இருக்கைகள், அவற்றில் பதினொன்று உடைந்தவை. அப்பா தலைமை நடிகர். அண்ணன் கதாநாயகன், ஐம்பதைத் தொட்ட பிறகும். அண்ணி கதாநாயகி. ஒரு காலத்தில் கதாநாயகியாக இருந்த அம்மா, முழங்கால் ஒத்துழைக்க மறுத்த நாளிலிருந்து பக்கத் திரைக்குப் பின்னால் ஒரு முக்காலியில் உட்கார்ந்து வசனம் எடுத்துக் கொடுக்கிறாள். அம்மாவின் மடியில் நாடகப் பிரதி, கையில் பித்தளை மணி. அந்த மணி அடித்தால்தான் திரை இறங்கும். திரைக்காரர் முப்பது வருஷமாக அந்த மணிக்கு மட்டும் கட்டுப்பட்டவர். மேடையில் இடி விழுந்தாலும் மணிக்காகக் காத்திருப்பார்.

அவள் ஆரம்பத்தில் பேசும் வேஷங்கள்தான் போட்டாள். சுமாராகச் செய்தாள் என்று அம்மா சொல்வாள், மோசமாகச் செய்தாள் என்று அண்ணன் சொல்வான். பத்தொன்பதாம் வயதில் ஒரு ராஜா நாடகத்தில் அண்ணன் அரசன், அவள் அரசனின் தங்கை. கோட்டைச் சுவரிலிருந்து அரசன் கீழே விழ வேண்டும். கீழே மெத்தை இருக்கும். அன்றைக்கு அண்ணன் யாரிடமும் சொல்லாமல் ஒரு புது அலறலைச் சேர்த்துக்கொண்டான். விழுந்த பிறகு ஒரு காலை இரண்டு தரம் வெட்டி இழுத்தும் காட்டினான். நன்றாகத்தான் இருந்தது. அவள் நம்பிவிட்டாள். மேடை நடுவுக்கு ஓடி, “அண்ணா! யாராவது டாக்டரைக் கூப்பிடுங்க, ஆம்புலன்ஸைக் கூப்பிடுங்க” என்று கத்தினாள். கோட்டை கொத்தளக் காலத்தில் ஆம்புலன்ஸ். அரங்கம் இரண்டு நிமிஷம் சிரித்தது. இறந்துகிடந்த அரசன் ஒரு கண்ணைத் திறந்து, “உயிரோடதான் இருக்கேன், போடீ” என்றான். முன்வரிசைக்கு அது கேட்டுவிட்டதால் இன்னும் ஒரு நிமிஷம் சிரித்தது.

அன்று ஒப்பனை அறையில் அப்பா முகத்தில் பாதியைத் துடைத்துவிட்டு, மீதிப் பாதி மன்னராகவே அவளைப் பார்த்துச் சொன்னார்: “நாடகத்தை நிறுத்த ஒரே ஒரு காரணம்தான் உண்டு. கட்டடம் தீப்பிடிக்கணும். அதுவும் தீ மேடை வரைக்கும் வரணும். இனிமே உனக்கு வசனம் கிடையாது. இன்னொரு தடவை நிறுத்தினே, மேடையே கிடையாது.”

அப்பா சொன்னால் சொன்னதுதான். பிறகு வந்தவை ஊமை வேஷங்கள். பணிப்பெண்ணாக நின்றாள். அதிர்ச்சியில் பேச்சிழந்த விதவையாக வந்தாள். ஒரு நாடகத்தில் தோட்டத்துச் சிலையாக ஒன்றரை மணி நேரம் அசையாமல் இருந்தாள். அதற்கு ஒரு பத்திரிகை ‘சிலை இயல்பாக இருந்தது’ என்று எழுதியது. பெரும்பாலும் கையில் ஒரு தட்டு இருக்கும். அதனால் குழுவில் அவளுக்குத் தட்டு என்றே பெயர் நின்றுவிட்டது, இளையவர்களுக்குத் தட்டக்கா.

விட்டுப் போயிருக்கலாம். போனாள்கூட, ஓர் ஏற்றுமதி அலுவலகத்துக்கு, மூன்று மாதம். அங்கே எல்லாரும் ஒருவரையொருவர் பார்த்துப் பேசினார்கள். முன்பக்கம் திரும்பிப் பேசுவார் யாருமில்லை. அவளுக்குப் பிடிபடவில்லை. திரும்பி வந்து தட்டை வாங்கிக்கொண்டாள். வசனம் இல்லாமல் இருக்க முடிந்தது. மேடை இல்லாமல் இருக்கத்தான் முடியவில்லை. எனவே அப்பாவின் அந்தக் கடைசி வாக்கியத்தை அவள் மறந்ததே இல்லை.

வாயை மூடிக்கொண்டு இருபத்துநான்கு வருஷம் பின்னால் நிற்பவருக்கு ஒரு படிப்பு கிடைக்கிறது. பார்வையாளர் பார்ப்பது நடிகரின் ஒரு பாதியை. மறுபாதியை அவள் பார்த்தாள்.

அப்பாவின் மறுபாதியைப் பார்ப்பது தனி அனுபவம். பார்வையாளருக்குத் தெரியாத பக்கத்தில் அவர் நடிக்கவே மாட்டார். “பார்க்காத பக்கத்துக்கு எதுக்கு நடிக்கணும்? வீண் செலவு” என்பார். பக்கவாட்டில் உட்காரும் காட்சியென்றால் தெரிகிற கன்னத்துக்கு மட்டும்தான் ஒப்பனை. ஒரு காலுக்குத்தான் காலுறை. முன்பக்கக் கண் தாரை தாரையாக அழுதுகொண்டிருக்கும்போது பின்பக்கக் கண், அண்ணியின் தலையில் செருகிய பொய்க்கூந்தல் சரிகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கும்.

இது போதாதென்று குடும்பத்துக்கு ஒரு சைகை மொழியும் உண்டு. காது மடலைத் தொட்டால் வசனம் மறந்துவிட்டது, யாராவது எடுத்துக்கொள். கழுத்துப்பட்டையைத் தொட்டால் மேடைப் பொருள் ஏதோ காணோம். இடுப்பில் கை வைத்தால் உடை கிழிந்துவிட்டது, மறைத்து நில். இருமினால் சீக்கிரம் முடி. ஒருவருக்கு உண்மையிலேயே உடம்புக்கு முடியவில்லை என்பதற்கு மட்டும் சைகை இல்லை. அதற்குத் தேவை வரும் என்று யாருக்கும் தோன்றியதில்லை. காரணமும் அப்பாதான். வீட்டில் விவாதம் தோற்கும் நிலைக்கு வந்தால் நெஞ்சைப் பிடித்துக்கொள்வார். அண்ணன் கல்யாணத்துக்கு ஒரு முறை, அரங்கத்தின் கூரையை மாற்றச் சொன்னபோது ஒரு முறை, வைத்தியர் புகையிலையை விடச் சொன்னபோது அவர் எதிரிலேயே ஒரு முறை. அம்மா தோசைக்கரண்டியோ துடைப்பமோ கையில் இருந்ததைக் கீழே வைக்கக்கூட மாட்டாள். “எழுந்திரிங்க, சாப்பாடு ஆறுது” என்பாள். எழுந்துவிடுவார்.

அந்தப் பருவத்தில் ஓடிக்கொண்டிருந்தது ஒரு குடும்ப நாடகம். பக்கவாதத்தில் விழுந்த கிழவர், பேச்சு போய்விட்டது. வீட்டில் பூட்டிய ஓர் அறை, அதன் சாவி எங்கே என்று அவருக்கு மட்டும் தெரியும். மகனும் மருமகளும் கட்டிலைச் சுற்றிச் சண்டை போடுவார்கள். கிழவர் அப்பா. மகன் அண்ணன், மருமகள் அண்ணி. கட்டிலுக்குப் பின்னால் மருந்துத் தட்டோடு நிற்கும் தாதி அவள்.

கட்டில் மேடைக்குக் குறுக்காகக் கிடக்கும். அப்பாவின் வலது பக்கம் பார்வையாளருக்கு, இடது பக்கம் அவளுக்கு. எனவே பக்கவாதம் வலது பக்கத்தில். வலது வாயோரம் தொங்கும், வலது கண் பாதி மூடும், சரியான நேரத்தில் வலது கை கட்டிலிலிருந்து நழுவித் தொங்கும். பெண்கள் பகுதியிலிருந்து மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்கும். இடது பக்கம் சௌகரியமாக இருக்கும். காட்சி தொடங்கியதும் அவள் தட்டிலிருந்து ஒரு பெப்பர்மிண்ட்டை அந்த இடது கையில் வைப்பாள். கை அவள் விரலை இரண்டு தரம் தட்டும். மிட்டாய் இடது கன்னத்துக்குள் போகும். பிறகு இடது வாயோரம் அவளுக்கு மட்டும் கேட்கும்படி பேச ஆரம்பிக்கும்.

“மூணாவது வரிசைல ஒருத்தன் தூங்குறான். டிக்கெட் வாங்கித் தூங்குறான், பெரிய மனுஷன்.”

“உங்கண்ணன் இன்னைக்கு ரொம்பக் கத்துறான். நான் செத்த அப்புறம் கத்தட்டும், இப்பவே எதுக்கு?”

அவள் தாதி. முகம் மாறக் கூடாது. சிரிக்கத் தோன்றினால் மருந்துப் பாட்டிலின் மூடியைத் திருகுவாள். முந்நூற்றுப் பன்னிரண்டு ஆட்டங்கள் இப்படி நடந்தன. வீட்டில் அப்பா அவளிடம் உப்பு எடு, கதவைச் சாத்து என்பதற்கு மேல் பேசியதில்லை. அப்பாவும் மகளும் பேசிக்கொண்டதெல்லாம் அறுநூறு பேர் முன்னால்தான்.

முந்நூற்றுப் பதின்மூன்றாம் ஆட்டம் ஒரு ஞாயிறு பிற்பகல். இடைவேளை முடிந்து நான்கு மணி பத்து நிமிஷத்துக்குத் திரை ஏறியது. இனி இடைவேளை கிடையாது. கிழவர் சாகும் வரை ஒரே ஓட்டம், ஒரு மணி நேரம். அப்பா கட்டிலில் அத்தனை நேரமும் கிடக்க வேண்டும்.

பெப்பர்மிண்ட் கொடுத்தாள். விரலில் இரண்டு தட்டு. இடது வாயோரம் சொன்னது: “முன்வரிசைல ஒருத்தன் சோடா பாட்டில் திறந்தானே, அந்தச் சத்தத்துக்குச் செத்திருக்கலாம்.”

மகன் வெறும் பெட்டியைக் கவிழ்த்துத் தரையில் எறிகிறான். டமால். வழக்கமாக அந்தச் சத்தத்துக்கு இடது கண் அவளைப் பார்த்துச் சிமிட்டும்.

சிமிட்டவில்லை.

அவள் கீழே பார்த்தாள். அப்பாவின் இடது வாயோரம் கொஞ்சம் இறங்கியிருந்தது. அங்கிருந்து பாதி கரைந்த மிட்டாய் வெளியே வந்து, எச்சிலோடு தலையணையில் உருண்டு, காதுக்குப் பக்கத்தில் நின்றது.

முதலில் அவளுக்கு வந்தது பயமில்லை, குழப்பம். அப்பா இடது பக்கத்தில் நடிக்கிறாரா? எதற்கு? அந்தப் பக்கம் பார்க்க இருப்பது அவளும் பின்திரையில் வரைந்த ஜன்னலும்தான். அந்த மனிதர் ஒரு ஜன்னலுக்காக வாயைக் கோணிக்கொள்ளும் ஆள் இல்லை.

பிறகு பயம் வந்தது.

வலது பக்கம் தன் வேலையைச் சரியாகச் செய்துகொண்டிருந்தது; அதுதான் பெரிய கஷ்டம். மருமகள் “அப்பா என்று ஒரு முறையாவது கூப்பிட்டிருப்பேனா?” என்று விம்மும் இடத்தில் வலது கை நழுவ வேண்டும். நழுவியது. எள்ளளவு முன்னே பின்னே இல்லை. பெண்கள் பகுதி மூக்கை உறிஞ்சியது. பக்கத் திரைக்குப் பின்னால் அம்மா பிரதியில் பக்கத்தைத் திருப்பினாள். ஒரு பாதி பக்கவாதம் நடித்துக்கொண்டிருக்கிறது, மறுபாதிக்குப் பக்கவாதம். அல்லது இரண்டு பாதியும் நடிப்பு, கிழவர் ஒரு புது வித்தையைச் சோதித்துப் பார்க்கிறார். அண்ணன் அன்று அலறலைச் சேர்த்ததுபோல.

அவள் போர்வைக்குள் கையை விட்டு அப்பாவின் இடது கையைப் பிடித்தாள். பிடித்தது பிடித்தபடி இருந்தது. நகத்தால் கிள்ளினாள். அப்பாவுக்குக் கிள்ளினால் ஆகாது. ஒரு முறை தையற்காரர் ஊசி உரசியதற்கே மூன்று நாள் பேசாமல் இருந்தார். ஒன்றும் நடக்கவில்லை. இன்னும் அழுத்திக் கிள்ளினாள். கை, கடையில் தொங்கும் கையுறை மாதிரி கிடந்தது.

“அப்பா” என்றாள், உதடு அசையாமல். “என்ன செய்யுது?”

“ஒண்ணும் செய்யலையே.” குரல் குழறியது, ஆனால் அந்தக் காட்சியில் குழறுவதுதான் அவர் வேலை. “நல்லாப் போகுது. மிட்டாய் எங்க? ஏன் இன்னும் குடுக்கல?”

மிட்டாய் அவர் காதோரத்தில் இருந்தது.

அவள் பக்கத் திரையைப் பார்த்தாள். அம்மாவின் கண்ணில் படும்படி காது மடலைத் தொட்டாள். வேறு எதைத் தொடுவது? அம்மா புருவத்தை உயர்த்தினாள். வசனமே இல்லாதவளுக்கு எந்த வசனம் மறந்தது? கழுத்துப்பட்டையைத் தொட்டாள். அம்மா உடனே அடுத்த காட்சிக்கான மருந்துக் கோப்பையை எடுத்துக் காட்டினாள்: இதோ இருக்கே. இடுப்பில் கை வைத்தாள். அம்மா அவள் பாவாடையைக் கண்ணால் அளந்தாள். இருமினாள். அம்மா, பைத்தியமா என்பதுபோலத் தலையை ஆட்டினாள். மொழி தீர்ந்துவிட்டது.

தட்டிலிருந்து கரண்டியைக் கீழே போட்டாள். முந்நூற்றுப் பன்னிரண்டு ஆட்டங்களில் விழாத கரண்டி. அண்ணன் கதாநாயகன் அல்லவா, கிடைத்ததை விடுவானா. “பார்! சம்பளத்துக்கு நிற்கும் தாதியின் கைகூட நடுங்குகிறது. உன் மனம் நடுங்கவில்லையா?” என்று மனைவியைக் கேட்டான். பின்வரிசையில் ஒருவர் கைதட்டினார். கரண்டியை எடுத்துத் தரும் சாக்கில், முதுகை அரங்கத்துக்குக் காட்டிக் குனிந்தவன் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டான்:

“என்னடீ பண்றே?”

“அப்பாவுக்கு நிஜமாவே ஏதோ ஆச்சு. இடது பக்கம்.”

“மறுபடியும் ஆரம்பிக்காதே.”

“கைல உணர்வே இல்லண்ணா. கிள்ளிப் பார்த்தேன்.”

“கை நழுவுற இடம் இன்னைக்கு எவ்ளோ பிரமாதம்னு பார்த்தல்ல? அவர் நடிக்கிறாருடீ. உனக்கு அதுதான் எப்பவும் புரியாது.” கரண்டியைத் தட்டில் வைத்தான். “அசையாம நில்லு. அது ஒண்ணுதான் உனக்கு வரும்.”

திரும்பி, முகத்தில் துயரத்தை ஏற்றிக்கொண்டு, விளக்குக்குப் போனான்.

அவள் அசையாமல் நின்றாள். மேடைக்கு மேல், பார்வையாளருக்குத் தெரியாத இடத்தில், அம்மாவுக்காக மாட்டிய கடிகாரம் நான்கு இருபதைக் காட்டியது. நாடகத்தில் கிழவர் சாக இன்னும் ஐம்பது நிமிஷம். அதுவரை அவர் செய்ய வேண்டியது அசையாமல் கிடப்பதும் நடுவில் ஒரே ஒரு முறை “சாவி” என்று குழறுவதும். பிறகு தலை சாய வேண்டும். அந்த மனிதர் உண்மையிலேயே செத்துப்போனால்கூட யாருக்கும் தெரியாது. கைதட்டல் முடிந்து எழுந்து வணங்க வராதபோதுதான் தெரியும். அதுவும் முதலில் கோபித்துக்கொண்டதாகத்தான் நினைப்பார்கள்.

இதெல்லாம் நிஜமாக இருந்தால். இல்லையென்றால், கிழவர் எழுந்து உட்கார்ந்து, நாற்பத்துமூன்று வயது மகளை அரங்கம் நிறைந்த சிரிப்புக்கு நடுவே பார்ப்பார். அத்தோடு மேடை கிடையாது.

“சாவி” என்றார் அப்பா.

இரண்டு நிமிஷம் முன்னாலேயே சொல்லிவிட்டார். ஐம்பது வருஷத்தில் ஒரு வசனத்தை அவர் இடம் மாற்றிச் சொன்னதில்லை. மறந்திருக்கிறார், விழுங்கியிருக்கிறார், அடுத்தவர் வசனத்தைப் பறித்துச் சொல்லியிருக்கிறார். தன் ஒரே வசனத்தை, கைதட்டல் வாங்கும் வசனத்தை, அண்ணியின் ஒப்பாரிக்கு நடுவில் வீணாக்கியதில்லை. சொல் என்றுமில்லாத அளவுக்கு நன்றாகக் குழறியிருந்தது. பக்கத் திரையில் அம்மாகூடப் பிரதியிலிருந்து தலையைத் தூக்கி, ரசித்து, தலையசைத்தாள். நேரம் தவறியது அதற்கப்புறம்தான் உறைத்தது போலும். விரலைப் பிரதியில் வைத்துத் தேடினாள்.

தாதி நடந்தாள். தட்டை வைக்க மேசையில்லை. அண்ணன் வசனத்தின் உச்சத்தில் கையை நீட்டியிருந்தான்; அந்தக் கையில் தட்டை வைத்தாள். நடிகனின் கையில் பொருளைக் கொடுத்தால் வாங்கிக்கொள்ளும். வாங்கிக்கொண்டான். கட்டிலைச் சுற்றிக்கொண்டு மேடையின் முன்விளிம்புக்கு வந்தாள். இருபத்துநான்கு வருஷமாக அவள் கால் படாத பலகைகள். எது எங்கே கிரீச்சிடும் என்றுகூட மறந்திருந்தது.

“திரையை இறக்குங்க” என்றாள்.

குரல் கணீரென்று இருந்தது. கையேட்டில் அதுவும் உண்மைதான் போல.

திரைக்காரர் கயிற்றைப் பிடித்தபடி அம்மாவைப் பார்த்தார். மணி அடிக்கவில்லை. அம்மா முக்காலியில் கல்லாக உட்கார்ந்திருந்தாள். பின்னாலிருந்து அண்ணன், கையில் தட்டோடு, மேடைக் குரலில் சமாளிக்கப் பார்த்தான்: “தாதி! உன் எல்லை எது என்று தெரியாதா?”

அவள் பக்கத் திரையை நோக்கித் திரும்பினாள். “அம்மா, மணியை அடி. அப்பா இடது பக்கம் நடிக்கிறாரு.”

வெளியாருக்கு அந்த வாக்கியத்தில் ஒரு பொருளும் இல்லை. அம்மா ஐம்பத்துமூன்று வருஷம் அந்த மனிதரோடு வாழ்ந்தவள். மணி மூன்று தரம் அடித்தது.

திரை இறங்கும்போது அறுநூறு பேரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். இறங்கிய பிறகும் தட்டினார்கள்.

ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் குடும்பம் வேஷத்தோடு உட்கார்ந்திருந்தது. அண்ணி மேடைக் கண்ணீர்க்கோட்டைக் கன்னத்தில் வரைந்திருந்தாள். அதன் மேல் உண்மைக் கண்ணீர் வேறு வழியில் ஓடியது. நிஜத் தாதி ஒருத்தி இவளைப் புதிதாகச் சேர்ந்தவள் என்று நினைத்து ஒரு படுக்கை எண்ணைச் சொல்லிப் போகச் சொன்னாள். அண்ணன் மடியில் இன்னும் தட்டு இருந்தது.

“தப்பா இருந்துச்சுன்னா...” என்று ஆரம்பித்தான்.

“தப்பா இருக்கணும்னு வேண்டிக்கோடா” என்றாள் அம்மா. “நான் அதைத்தான் வேண்டிட்டு இருக்கேன்.”

அவளும் அதைத்தான் வேண்டினாள். கிழவர் கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்து, எந்தக் கழுதை நாடகத்தை நிறுத்தியது என்று கேட்க வேண்டும். மேடை போனால் போகட்டும்.

வெளியே வந்தது டாக்டர். இளம் பெண், களைத்த கண்கள். “மூளையில ரத்தக்குழாய் அடைச்சிருக்கு. வலது பாதில, அதனால உடம்புல இடது பக்கம். ரத்தக்கட்டியைக் கரைக்க மருந்து இருக்கு. ஆனா எப்ப ஆரம்பிச்சுதுன்னு தெரியணும். தோராயமா வேண்டாம். தெரியலைன்னா குடுக்க முடியாது, குடுத்தா ஆபத்து. கடைசியா நல்லா இருந்ததை யார் பார்த்தீங்க?”

அறுநூற்றுச் சொச்சம் பேர் பார்த்திருந்தார்கள்.

“பெட்டி விழுறதுக்கு முன்னாடி நல்லா இருந்தாரு. சோடா பாட்டிலைப் பத்திப் பேசினாரு. பெட்டி விழுந்தப்ப கண் சிமிட்டல” என்றாள் அவள்.

“பெட்டியா? மணி என்ன?”

அம்மா அதற்குள் பிரதியைத் திறந்திருந்தாள். மடியிலிருந்து அதை அவள் கீழே வைக்கவே இல்லை. ஓரத்தில் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் பென்சிலில் குறித்த நிமிஷங்கள். “திரை ஏறினது நாலு பத்து. பெட்டி ஏழாவது நிமிஷம். நாலு பதினேழு.” கொஞ்சம் யோசித்து, “இவன் பெட்டிக்கு முன்னாடி எப்பவும் இழுப்பான். நாலு பதினெட்டுன்னு வச்சுக்குங்க” என்றாள்.

டாக்டர் கைக்கடிகாரத்தைப் பார்த்தாள். ஐந்து ஆக இரண்டு நிமிஷம் இருந்தது. உள்ளே திரும்பும்போது ஒன்று சொன்னாள்: “இன்னொரு விஷயம். இந்த மாதிரி வந்தவங்கள்ல சில பேருக்குத் தனக்கு இடது பக்கம்னு ஒண்ணு இருக்கிறதே தெரியாது. சாப்பாட்டுத் தட்டுலகூட வலது பாதியை மட்டும் சாப்பிடுவாங்க. நோயே இல்லைம்பாங்க. பயந்துடாதீங்க.”

“அது அவருக்கு முன்னாடியே உண்டு” என்றான் அண்ணன். யாரும் சிரிக்கவில்லை. பிறகு அம்மா சிரித்தாள், பிறகு அழுதாள்.

மருந்து வேலை செய்தது. முழுதாக இல்லை, போதுமான அளவுக்கு. மூன்றாம் நாள் அப்பாவுக்குப் பேச்சு தெளிந்தது. கட்டிலின் இடது பக்கம் அவள் உட்கார்ந்திருந்தாள். அவரால் அந்தப் பக்கம் அவளைப் பார்க்க முடியவில்லை. எழுந்து வலது பக்கம் வந்தாள். அப்பாவின் வலது முகத்தை இவ்வளவு கிட்டத்தில் பார்ப்பது அவளுக்குப் புதிதாக இருந்தது.

“எந்த இடத்துல நிறுத்தினே?”

“நீங்க சாவின்னு சொன்னதுக்கப்புறம்.”

“சரியான இடத்துலதான் சொன்னேனா?”

அவள் போர்வையைச் சரிசெய்தாள். “சொன்னீங்கப்பா.”

“கைதட்டினாங்களா?”

“எழுந்து நின்னு தட்டினாங்க.”

“எனக்கா, உனக்கா?”

“தெரியல. திரை இறங்கிடுச்சு.”

“தீ மேடை வரைக்கும் வந்துச்சுன்னு வச்சுக்கிறேன்” என்றார். அதற்கு மேல் அந்த விஷயத்தில் அவரிடமிருந்து எதுவும் பெயரவில்லை.

அந்த வாரப் பத்திரிகையில் விமர்சனம் வந்தது. ஊமைத் தாதி திடீரென்று வாய் திறந்து நாடகத்தையே நிறுத்தும் முடிவு துணிச்சலான புதுமை என்றும், இந்தப் பழைய குழுவிடமிருந்து இப்படியொன்றை எதிர்பார்க்கவில்லை என்றும் எழுதியிருந்தது. அண்ணன் அதைக் கத்தரித்து எடுத்துக்கொண்டு அவளிடம் வந்தான். அப்பா வேஷத்தைத் தான் எடுத்துக்கொள்வதாகவும், முடிவை இப்படியே வைத்துக்கொள்ளலாம் என்றும், அவளுக்கு ஒரு வசனம், வேண்டுமானால் இரண்டு தருவதாகவும் சொன்னான்.

“தினமும் சொல்லணுமா?” என்று கேட்டாள்.

“வாரத்துக்கு ஆறு ஆட்டம்.”

“என்னால முடியாதுண்ணா. எனக்கு நடிப்பு வராதுன்னு நீதானே சொன்னே.”

அவள் இப்போதும் கட்டிலுக்குப் பின்னால் தட்டோடு நிற்கிறாள். கட்டிலில் அண்ணன். அவனும் மறைந்த பக்கத்தில் நடிப்பதில்லை, பேசுவதும் இல்லை. அப்பா, கைத்தடியோடு, முன்வரிசையின் இடது ஓரத்து இருக்கையில் உட்கார்ந்து பார்க்கிறார். மேடை முழுவதும் வலது பக்கத்தில் வர வேண்டும் என்பதற்காக அந்த இடம். இந்த வருஷமும் சங்கத்தின் படிவம் வந்தது. மாற்றம் இல்லை என்று எழுதி அனுப்பினாள். எனவே முப்பத்தெட்டாம் பக்கத்தில் அவள் இன்னும் ஐந்தடி ஏழு அங்குல நாயகிதான். வாள் வீசுவாள், குதிரை ஏறுவாள்.

அவள் செய்தது இது: ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை நான்கு மணி இருபத்திரண்டு நிமிஷத்துக்கு, தட்டை அண்ணன் கையில் கொடுத்துவிட்டு, நாடகத்தை நிறுத்தினாள்.